சாமியை மலையேற்றும் அம்சா

காஞ்சிபுரத்தில் பட்டு நெய்யத் தெரிந்தவர்கள் ஆயிரம் பேர் இருப்பார்கள், பூஜை செய்யத் தெரிந்தவர்கள் ஐந்நூறு பேர் இருப்பார்கள். சினிமா தியேட்டரில் சாமி வந்து ஆடுகிறவளை மலையேற்றத் தெரிந்தவள் ஒருத்திதான். அவள் அம்சா. அவளோடு முப்பது வருஷம் ஒரே தியேட்டரில் குப்பை கொட்டினவன் என்கிற தகுதியில் இதை எழுதுகிறேன். நிஜமாகவே குப்பை கொட்டினவள் அவள். நான் டிக்கெட் கவுண்டரில் உட்கார்ந்திருந்தேன்.

என் பேர் சக்ரவர்த்தி. சின்ன காஞ்சிபுரம். எங்கள் வம்சத்தில் எல்லோரும் பெருமாள் கோயிலில் பாசுரம் சொன்னவர்கள், நான் ஒருவன்தான் கம்பிக்குப் பின்னால் உட்கார்ந்து 'பால்கனி ஃபுல்' என்று சொன்னவன். 'பேரு பெத்த பேரு, தாக நீலு லேது', பேர் பெரிய பேர், குடிக்கத் தண்ணீர் இல்லை என்று எதிர்க் கடை தெலுங்குக்காரர் என்னைப் பார்க்கும்போதெல்லாம் சொல்வார். அம்சா என்னை 'அய்யரே' என்பாள். 'நான் அய்யங்கார்' என்று முதல் ஐந்து வருஷம் திருத்திப் பார்த்தேன். அப்புறம் விட்டுவிட்டேன்.

வெளியூர்க்காரர்களுக்காக ஒரு விஷயம் சொல்ல வேண்டும். ஆடி மாதம் வந்தால் எங்கள் தியேட்டரில் அம்மன் படம் போடுவார்கள். படத்தின் பேர் எதற்கு? எல்லாப் படத்துக்கும் கதை ஒன்றுதான். ஒரு நல்ல மருமகள், ஒரு பொல்லாத மாமியார், ஒரு பாம்பு. மருமகள் செத்துப் பாடையில் கிடப்பாள். அம்மன் சின்னப் பெண் வேஷத்தில் வந்து நெற்றியில் குங்குமம் வைப்பாள். செத்தவள் எழுந்து உட்காருவாள். அந்த இடத்தில் உடுக்கைச் சத்தம் கிளம்பியதும் தியேட்டரில் அங்கே ஒருத்தி, இங்கே ஒருத்தி என்று எழுந்து ஆட ஆரம்பிப்பார்கள். பிள்ளையார்பாளையத்துப் பெண்கள் தறியை நிறுத்திவிட்டு வேப்பிலையோடுதான் வருவார்கள். ஆடி அமாவாசையன்று தறி ஓடாது, எனக்குக் கவுண்டரில் மூச்சுவிட நேரம் இருக்காது.

முதல் வருஷம் ஒருத்தி ஆடிய ஆட்டத்தில் நாற்காலிக் கைப்பிடியில் தலையை மோதிக்கொண்டாள். முதலாளி பயந்துபோய் லைட்டைப் போடச் சொன்னார். அதற்குள் லேடீஸ் வரிசையைப் பார்த்துக்கொள்ளவும் பெருக்கவும் வேலைக்கு வந்திருந்த அம்சா, கேன்டீனிலிருந்து ஒரு எவர்சில்வர் தட்டை எடுத்து, வாசலில் வைத்திருந்த அம்மன் படத்துக்கு முன்னால் இருந்த விபூதியை அள்ளிப் போட்டுக்கொண்டு உள்ளே போனாள். அன்றையிலிருந்து அது அவள் வேலையாகிவிட்டது.

அவள் அதைச் செய்கிற விதம் ஒன்று உண்டு. ஆடுகிறவளை யாரையும் பிடித்து அமுக்க விடமாட்டாள். நேரே முன்னால் போய் நிற்பாள்.

"யாரு வந்திருக்கறது?" என்று கேட்பாள்.

"நான் ரேணுகா வந்திருக்கேன்டா" என்று பதில் வரும். சாமிக்கு ஆண் பெண் எல்லோரும் 'டா'தான்.

"இன்னா வோணும் தாயே? இன்னா கொற உனுக்கு?"

இந்தக் கேள்விக்குத்தான் எல்லோரும் காத்திருப்பார்கள் போலிருக்கும். ஒருத்தி எனக்குக் கூழ் ஊற்றவில்லை என்பாள். இன்னொருத்தி எம்பொண்ணை அவன் குடிச்சிட்டு அடிக்கிறான்டா என்பாள். ஒருத்தி பொங்கலுக்குப் புதுப் புடவை வரவில்லை என்று சொல்லி அழுதாள், பட்டு நெய்கிறவள். அம்சா எல்லாவற்றையும் காது கொடுத்துக் கேட்டுவிட்டு, பக்கத்தில் நிற்கிற புருஷனையோ மாமியாரையோ ஒரு பார்வை பார்த்து, "செஞ்சிடறோம் தாயே, மலையேறு" என்று நெற்றியில் விபூதியை அழுத்துவாள். அவ்வளவுதான். ஆடினவள் துவண்டு உட்கார்ந்துவிடுவாள். புருஷன்காரன் முகம் வெளுத்துப்போய் நிற்பான். எத்தனையோ வீட்டில் அதற்கப்புறம் புடவை வந்தது என்று கேள்விப்பட்டிருக்கிறேன்.

எனக்கு இதிலெல்லாம் நம்பிக்கை கிடையாது. ஒருநாள் கேட்டேவிட்டேன்.

"நெஜமா வந்திருக்கா, வேஷமான்னு உனக்குத் தெரியுமா, அம்சா?"

"தெரியாம இன்னா அய்யரே. நெஜமா வந்தா மொதல்ல கால் கட்டவெரல் ஆடும். நடிக்கிறவ மொதல்ல கொண்டையத்தான் அவுப்பா."

"தெரிஞ்சுண்டே ஏன் எல்லாரையும் ஒரே மாதிரி கேக்கறே?"

"சும்மா யாருனா நாலு பேரு எதுர்ல வந்து நடிப்பாங்களா? எதுனா இருக்கும். நடிக்கிறவளத்தான் இன்னும் நல்லா கேக்கணும்" என்றாள்.

படித்தவர்கள் யாரும் எனக்கு இதைச் சொன்னதில்லை. ஆனால் பல்லி ஊருக்கெல்லாம் குறி சொல்லுமாம், தான் மட்டும் கழுநீர்ப் பானையில் விழுமாம். அம்சா விழுந்த கதைக்கு வருகிறேன்.

அவளுக்கு ஒரே பெண், ஜோதிகா. கணவன் லாரியில் மூட்டை ஏற்றுகிறவன், பெண்ணுக்கு நாலு வயது இருக்கும்போதே போய்விட்டான். பதினாறாம் நாள் காரியம் முடிந்த கையோடு அம்சாவின் அண்ணன் முனிரத்தினம் வந்து தங்கையையும் குழந்தையையும் கூட்டிக்கொண்டு போய், தன் வீட்டுச் சுவரை ஒட்டி ஓர் அறை கட்டிக் கொடுத்தார். பெண்ணைப் படிக்க வைத்தவரும் அவர்தான். அவருடைய பையன் சந்தோஷ்குமாருக்கு ஜோதிகாவைக் கொடுப்பது என்று அவர்கள் எல்லோரும் சேர்ந்து எப்போதோ முடிவு பண்ணிவிட்டார்கள். அண்ணன் மகன், முறைப் பையன், கண் எதிரே வளர்ந்தவன். மறுப்பதற்கு என்ன இருக்கிறது என்று அம்சா நினைத்தாள். ஜோதிகாவைக் கேட்க வேண்டும் என்று அவளுக்குத் தோன்றவே இல்லை.

பன்னிரண்டு வருஷம் ஆகிறது. அது ஆடி மூன்றாம் வெள்ளி, காலைக் காட்சி. நிச்சயம் முடிந்துவிட்டது, ஆவணியில் கல்யாணம். ஜோதிகா தன் அத்தையோடு, அதாவது மாமியாராகப் போகிறவளோடு, படத்துக்கு வந்திருந்தாள். அவர்களுக்கு டிக்கெட் கொடுத்தவன் நான். ஜோதிகாவுக்கு அப்போது பத்தொன்பது வயது. 'இன்னா மாமா' என்றுகூடக் கேட்கவில்லை, முகம் உப்பியிருந்தது. தலைவலியாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன். நமக்கு வேறு என்ன தோன்றும்?

பாடைக் காட்சி வந்ததும் வழக்கம்போல நானும் கவுண்டரை மூடிவிட்டுக் கதவோரம் போய் நின்றேன். ஐந்தாறு பேர் ஆடினார்கள். அம்சா தட்டோடு ஒவ்வொருத்தியாகப் பார்த்துக்கொண்டே வந்தாள். மூன்றாவது வரிசையில் ஜோதிகா எழுந்தாள். எழுந்ததும் கொண்டையை அவிழ்த்தாள்.

அம்சா அவள் முன்னால் வந்து நின்றாள். அம்சா அவளிடம் ஒன்றும் கேட்கவில்லை. ஜோதிகாவே சொன்னாள்.

"நான் அங்காளம்மா வந்திருக்கேன்டா. எம்பொண்ணுக்கு இந்தக் கல்யாணம் வாணாம்."

அம்சா அறைந்தாள். அந்த உடுக்கைச் சத்தத்திலும் எனக்குக் கேட்டது.

"நடிக்காதடி" என்றாள்.

விபூதிக் கை. ஜோதிகாவின் கன்னத்தில் ஐந்து விரலும் வெள்ளையாக நின்றன. அவள் அழவில்லை. கூந்தலை முடிந்துகொண்டு உட்கார்ந்து, படம் முடிகிறவரை பார்த்தாள். நான் கவுண்டருக்குத் திரும்பிப் போய் மத்தியானக் காட்சிக்கு டிக்கெட் கொடுக்க ஆரம்பித்தேன். அன்றைக்கு ஒரு வார்த்தை நான் சொல்லியிருக்கலாம். 'நடிக்கிறவளை நல்லாக் கேக்கணும்னு சொன்னியே, அம்சா' என்று சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. இது எனக்கு இன்றைக்கும் உறுத்துகிறது.

அன்றையிலிருந்து பதினெட்டாம் நாள் ஜோதிகா போய்விட்டாள். ஸ்ரீபெரும்புதூரில் ஏதோ கம்பெனியில் வேலை பார்த்த ஜெபகுமார் என்கிற பையனோடு. சர்ச்சில் கல்யாணம் ஆனது என்றும், அதற்கு முன்னால் ஞானஸ்நானம் எடுத்துக்கொண்டாள் என்றும் செய்தி வந்தது. முனிரத்தினம் தங்கையைப் பார்த்து, "நீயும் போயிடு" என்று மட்டும் சொன்னார். அம்சா துணிமூட்டையோடு திருப்பருத்திக்குன்றம் போகிற வழியில் ஓர் அறையை வாடகைக்குப் பிடித்துக்கொண்டாள். ஒரே மாதத்தில் அண்ணனும் இல்லை, மகளும் இல்லை.

"ஞானஸ்நானம் எடுத்தா மறுபடி பொறந்த மாதிரியாமே, அய்யரே?" என்று ஒருநாள் இடைவேளையில் கேட்டாள்.

"அவா அப்படித்தான் சொல்றா."

"அப்ப என் வவுத்துல பொறந்தது கணக்குல இல்லியா?"

கேன்டீனிலிருந்து ஒரு காபி வாங்கிக் கொடுத்தேன். ஒரே ஒரு தடவை ஸ்ரீபெரும்புதூருக்கு பஸ் ஏறிப் போனாளாம். அந்தத் தெரு முனைவரை போய்விட்டுத் திரும்பி வந்துவிட்டாள். "அறைஞ்ச கையத் தூக்கிக்கினு இன்னான்னு போயி நிக்கிறது?" என்றாள். போன் நம்பரை மட்டும் மாற்றாமல் வைத்திருந்தாள்.

வருஷங்கள் போயின. தியேட்டர் இரண்டாகப் பிரிந்து ஏ.சி. ஆனது. டிக்கெட்டை எல்லோரும் வீட்டிலிருந்தே செல்போனில் எடுத்தார்கள். போன் இல்லாத கிழவர்கள் யாராவது வந்தால் டிக்கெட் கொடுப்பதற்கென்று என்னைப் பாப்கார்ன் கவுண்டருக்குப் பக்கத்தில் ஒரு ஸ்டூலில் உட்கார வைத்தார்கள். அப்படி வருகிற கிழவன் பெரும்பாலும் நான்தான். அம்சாவுக்குக் கான்ட்ராக்ட்காரன் நீலச் சட்டை கொடுத்தான். காட்சி முடிந்ததும் காலி ஹாலில் சீட்டுக்கடியில் குனிந்து பாப்கார்ன் பெருக்குவாள். வெள்ளித்திரை முன்னால் அவள் ஒருத்தி மட்டும் நிற்பதைப் பார்க்க எனக்குப் பிடிக்காது. பொங்கல், தீபாவளிக்குக்கூட லீவு கேட்கமாட்டாள். வீட்டில் யார் இருக்கிறார்கள் என்று லீவு கேட்பது?

இந்த வருஷம் ஆடிக்கு மேனேஜர் வசந்த் ஒரு யோசனையோடு வந்தான். நல்ல பையன், முப்பது வயதுகூட இருக்காது. பழைய அம்மன் படம் ஒன்றைத் துடைத்துப் புதுசாக்கி மறுபடி வெளியிடுகிறார்கள்.

"அக்கா, நீங்கதான் அந்தக் காலத்துல சாமி எறக்குவீங்களாமே? ஒரு நாள் அதே மாதிரி தட்டோட நில்லுங்க. ரீல்ஸ் எடுத்துப் போடலாம். செம வைப் இருக்கும்."

எறக்குவதல்ல, ஏற்றுவது என்று சொல்ல வாயெடுத்தேன். அம்சா என்னை முந்திக்கொண்டாள்.

"அது எல்லாரும் பாப்பாங்களா தம்பி?"

"லட்சக்கணக்குல பாப்பாங்கக்கா."

"சீபெரும்பூதூர்ல?"

"அமெரிக்காவுலயே பாப்பாங்க."

"அமெரிக்கா எனுக்கு இன்னாத்துக்கு" என்றாள் அம்சா. ஆனால் ஒப்புக்கொண்டாள். அவள் எதற்காக ஒப்புக்கொண்டாள் என்பது எனக்கு அப்போதே தெரிந்துவிட்டது.

வெள்ளிக்கிழமை மஞ்சள் புடவை கட்டி, தலைக்குக் குளித்துவிட்டு வந்தாள். காலைக் காட்சிக்கு முப்பத்தோரு பேர். செத்தவள் எழுந்து உட்கார்ந்தபோது ஒருத்தருக்கும் ஒன்றும் வரவில்லை. ஒரு ஆள் அந்த நேரம் பார்த்து பாப்கார்ன் வாங்க வெளியே வந்தான். அம்சா தட்டைப் பிடித்துக்கொண்டு ஓரத்தில் நின்றே இருந்தாள்.

காட்சி முடிந்ததும் வசந்த் விடவில்லை. தியேட்டரின் இன்ஸ்டாகிராம் பக்கத்தைப் பார்த்துக்கொள்கிற காலேஜ் பெண் தீபிகாவை நடிக்கச் சொன்னான். பாடைக் காட்சியை மட்டும் மறுபடி ஓட விட்டார்கள். காலி ஹால். உடுக்கைச் சத்தம் கிளம்பியது. தீபிகா முதல் காரியமாகக் கொண்டையை அவிழ்த்தாள்.

நான் கதவோரம் நின்று பார்க்க, அம்சா தட்டோடு அவள் முன்னால் போய் நின்றாள்.

"யாரு வந்திருக்கறது?"

"அம்மன்" என்றாள் தீபிகா. சிரிப்பை அடக்க முடியாமல் உதட்டைக் கடித்துக்கொண்டாள்.

"இன்னா வோணும் தாயே?"

தீபிகா வசந்தைத் திரும்பிப் பார்த்தாள். அவளுக்கு யாரும் வசனம் சொல்லிக் கொடுக்கவில்லை. வசந்த் கையை ஆட்டி 'எதாவது சொல்லு' என்றான். அம்சா காத்திருந்தாள். பிறகு அவளே சொன்னாள்.

"இந்தக் கல்யாணம் வாணாம் உனுக்கு. எனுக்குத் தெரிஞ்சிபோச்சி தாயே. நிறுத்திடறேன். அண்ணங்கிட்ட நான் பேசிக்கிறேன். நீ ஒண்ணும் பயப்படாத. மலையேறு."

விபூதியை நெற்றியில் வைக்கவில்லை. கன்னத்தில் மெதுவாகத் தடவினாள். தீபிகாவின் சிரிப்பு போய்விட்டது. "என்ன ஆன்ட்டி?" என்றாள், பயந்துபோய்.

"சூப்பர்க்கா! ஒரே டேக்!" என்று வசந்த் கைதட்டினான்.

பக்கத்து சீட்டில் உட்கார்ந்துவிட்டேன். அழுதேன் என்றே எழுதிவிடுகிறேன், இந்த வயதில் மறைத்து என்ன ஆகப்போகிறது.

மறுநாள் வீடியோ வந்தது. அம்சாவுக்கு என் போனில் போட்டுக் காட்டினேன். தாரை தப்பட்டையோடு ஏதோ குத்துப்பாட்டு. தீபிகா ஆடுகிறாள், அம்சாவின் வாய் அசைகிறது, விபூதி, முடிந்தது.

"சத்தம் வெய்யி அய்யரே."

"வெச்சிருக்கேன் அம்சா. இதான் சத்தம்."

"நான் பேசுனது எங்க?"

வசந்தைக் கூப்பிட்டுக் கேட்டோம். "டிரெண்டிங் ஆடியோ போட்டாதான்க்கா ரீச் ஆகும். ஒரிஜினலை டெலீட் பண்ணிட்டேனே, ஏன், எதாவது தப்பா வந்திருச்சா?" என்றான். அவன்மேல் கோபப்பட்டு என்ன பிரயோஜனம்? இருந்தும் நான் கோபப்பட்டேன். பன்னிரண்டு வருஷம் வாயில் வைத்திருந்ததை ஒருத்தி வெளியே துப்பியிருக்கிறாள், அதை எடுத்துக் குப்பையில் போட்டுவிட்டு ரீச்சாம், டிரெண்டாம். கன்னாபின்னாவென்று கத்திவிட்டேன். அவனுக்கு ஒன்றும் புரியவில்லை. அம்சா துடைப்பத்தை எடுத்துக்கொண்டு இரண்டாவது ஹாலுக்குப் போய்விட்டாள். நாலு லட்சம் பேர் அந்த வீடியோவைப் பார்த்தார்கள்.

வீடியோ வந்த ஒன்பதாம் நாள், காலை எட்டு மணி இருக்கும். தியேட்டர் எதிரே டீக்கடை பெஞ்சில் நானும் அம்சாவும் உட்கார்ந்திருந்தோம். அவளுடைய பட்டன் போன் அடித்தது. வருஷக்கணக்காக ஸ்பீக்கர் பக்கத்தில் நின்று நின்று அவளுக்குக் காது மந்தம், போனைச் சத்தமாகத்தான் வைப்பாள். அதனால் எனக்கும் கேட்டது.

"அம்மா."

அம்சா டீ கிளாஸை பெஞ்சில் வைத்தாள்.

"நான்தான்மா, ஜோதி. அந்த வீடியோல இன்னா சொன்ன நீ?"

"எந்த வீடியோ?" என்றாள் அம்சா. எனக்குத் தலையில் அடித்துக்கொள்ளலாம் போலிருந்தது.

"பாட்டு போட்டு வெச்சிருக்கானுங்க, ஒண்ணும் கேக்கல. உன் வாய் மட்டும் அசையுது. பத்து வாட்டி பாத்துட்டேன். அந்தப் பொண்ணுகிட்ட இன்னா சொன்ன?"

அம்சா சொன்னாள். தியேட்டரில் சொன்னதை ஒரு வார்த்தை விடாமல் அப்படியே சொன்னாள், தாயே என்று சொன்னதுகூட.

"அன்னிக்கி எனக்கு சாமி வரலமா" என்றாள் ஜோதிகா. "நடிச்சேன். நீ சொன்னது கரெக்ட்டுதான்."

"தெரியும்."

"தெரியும்ல? அப்பறம் ஏன் நடிச்சேன்னு கேக்கவே இல்லியே நீ. ஊர்ல எவ வந்து ஆடுனாலும் இன்னா வோணும் இன்னா வோணும்னு கேப்ப. சாமியா வந்தாதான் நீ கேப்பன்னு நெனச்சேன். உங்கிட்ட வேற எப்டி பேசறதுன்னு எனக்குத் தெரியலமா."

பாய்லரில் பால் பொங்கிக்கொண்டிருந்தது. டீக்கடைக்காரர் அதைக்கூடக் கவனிக்காமல் எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"இப்ப சொல்லு" என்றாள் அம்சா. "நான் கேக்கறேன். எவ்ளோ நேரம் வேணாலும் சொல்லு."

"இப்ப இன்னாத்த சொல்றது. நல்லாத்தான் இருக்கறேன்." பின்னால் ஹாரன் சத்தம் கேட்டது. "பாப்பாவுக்கு ஸ்கூல் வேன் வந்துடுச்சி. வெக்கிறேன்மா."

வைத்துவிட்டாள். அம்சா போனைக் காதிலிருந்து எடுக்கவில்லை. கட்டாகிவிட்டது என்று நான்தான் சொன்னேன்.

"பாப்பான்னுச்சே, அய்யரே. பேத்தியா?"

"பேத்தியாத்தான் இருக்கணும்."

"பேர் இன்னான்னு கேக்காம வுட்டுட்டனே."

"அதுக்கென்ன, நம்பர்தான் வந்திருக்கே. திருப்பிப் போட்டுக் கேளு."

"வேன் போவட்டும். அப்பறமா கேக்கறேன்" என்றாள்.

நான் டீக்குக் காசு கொடுத்துவிட்டு உள்ளே வந்துவிட்டேன். எட்டரைக்கெல்லாம் அந்த வேன் போயிருக்கும். பத்தரை மணிக் காட்சிக்கு ஆட்கள் வர ஆரம்பித்த பிறகும் அவள் அந்த பெஞ்சிலேயே உட்கார்ந்திருந்தாள். போன் கையில் இருந்தது, அவள் இன்னும் போடவில்லை.